உத்தரவு வாங்கிய பிறகு

பட்டா மாற்றம், பாதை ஆக்கிரமிப்பு, வரப்புத் தகராறு என்று செஞ்சி வட்டாரத்து விவசாயி கோர்ட்டுப் படியேறக் காரணங்கள் நிறைய. ஜெயித்து நகலை வாங்கியதும் பிரச்சினை தீர்ந்தது என்றுதான் யாரும் நினைப்பார்கள். பலருக்கு அதன் பிறகுதான் பெரிய அலைச்சலே.

முன்சீப் கோர்ட் தந்த இடைக்காலத் தடையை மீறி எதிராளி ராவோடு ராவாகச் சுவர் எழுப்பினால், உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 39-வது கட்டளை, 2ஏ விதியின் கீழ் உள்ளூரிலேயே மனு போடலாம். சொத்தை ஜப்தி செய்யவும், மூன்று மாதம் வரை சிவில் சிறையில் வைக்கவும் அதில் இடமுண்டு. ஐகோர்ட் உத்தரவை அதிகாரி மதிக்கவில்லை என்றால் சென்னைக்குத்தான் போக வேண்டும். 1971-ஆம் ஆண்டு நீதிமன்ற அவமதிப்புச் சட்டப்படி ஆறு மாதம் வரை சிறை, 2,000 ரூபாய் வரை அபராதம், அல்லது இரண்டும். ஆனால் வேண்டுமென்றே மீறினார் என்று காட்ட வேண்டும். மனுவை ஓராண்டுக்குள் போட வேண்டும். 'அடுத்த வாரம் வாங்க' என்ற பதிலை நம்பி நடப்பவர்களுக்கு அந்த ஓராண்டு தெரியாமலே கரைந்துவிடுகிறது.

இன்னொரு சிக்கலும் உண்டு. 'மனுவைப் பரிசீலித்து முடிவெடுக்கவும்' என்றுதான் பல ரிட் உத்தரவுகள் முடிகின்றன. அதிகாரி பரிசீலித்து நிராகரித்தாலும் உத்தரவு நிறைவேறிவிட்டதாகவே கணக்கு. அந்த முடிவு தவறென்றால் புதிதாக வழக்குப் போட வேண்டும் என்று 1996-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஏழை மனுதாரருக்கு இது பெரிய அநீதி.

அந்தப் பரிசீலனையைக்கூடச் செய்யாததால் வந்த வழக்கு ஒன்று உண்டு. நெசப்பாக்கத்து முதியவர்கள் இருவரின் நில மனுவை உரிய காலத்தில் பரிசீலிக்காத சென்னைப் பெருநகர வளர்ச்சிக் குழும (சி.எம்.டி.ஏ.) முன்னாள் உறுப்பினர் செயலருக்கு 2025 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றம் ஒரு மாத சிறைத் தண்டனை விதித்தது. அவரது சம்பளத்திலிருந்து 25,000 ரூபாய் இழப்பீடு தரவும் சொன்னது. மேல்முறையீட்டுக்கு அவகாசமும் கொடுத்தது.

அதே மாதம் உச்ச நீதிமன்றம் இன்னும் கடுமை காட்டியது. ஆந்திராவின் குண்டூரில் உயர் நீதிமன்ற உத்தரவு இருந்தும் 2014 ஜனவரியில் ஏழைகளின் குடிசைகளை இடித்துத் தள்ளினார் ஒரு தாசில்தார். பிறகு துணை ஆட்சியரானார். அவரை மீண்டும் தாசில்தார் பதவிக்கே இறக்கி, ஒரு லட்சம் ரூபாய் அபராதமும் விதித்தார்கள் நீதிபதிகள் பி.ஆர்.கவாய், ஏ.ஜி.மசீ. குடிசை போனவர்களோ பதினோரு ஆண்டு காத்திருந்தார்கள்.

எடுத்ததற்கெல்லாம் நீதிமன்றங்கள் அதிகாரிகளை நேரில் அழைக்கக் கூடாது என்று 2024 ஜனவரியில் அதே உச்ச நீதிமன்றம் நெறிமுறை வகுத்ததும் நியாயமே. அலுவலக வேலை கெட்டால் நஷ்டம் மக்களுக்குத்தான். ஆனால் உத்தரவிலேயே தேதியும், செய்ய வேண்டிய காரியமும் தெளிவாக இருந்தால் பாதி அவமதிப்பு வழக்குகளுக்கு வேலையிருக்காது.

இப்போதைக்கு, செஞ்சியில் நகலோடு நிற்பவர் அன்றைக்கே அதை அதிகாரிக்கு பெற்றுக்கொண்டதற்கான சான்றுடன் விரைவுத் தபாலில் அனுப்பிவிட வேண்டும். உத்தரவு தன் கைக்கே வரவில்லை என்று அதிகாரி சொல்லிவிட்டால், வேண்டுமென்றே மீறினார் என்று நிரூபிப்பது கடினம்.