தாய்லாந்து நூடுல்ஸ்: நம் வீட்டு அடுப்பில், நம் கை அளவில்!

ராத்திரி ஒன்பது மணிக்கு மேல் சிறுசேரியில் எந்த அடுக்குமாடிக் குடியிருப்பின் வாசலில் வேண்டுமானாலும் ஐந்து நிமிஷம் நின்று பாருங்கள். ஸ்கூட்டரில் வந்து இறங்கும் பையன்கள் கையில் பொட்டலம் பொட்டலமாகச் சாப்பாடு! சிப்காட் வளாகத்துக் கம்பெனிகளில் வேலை முடிந்து வீடு திரும்பும் பிள்ளைகளுக்கு அந்த நேரத்தில் அடுப்படியில் நிற்கத் தெம்பு ஏது? பரோட்டா, பிரியாணி என்று இருந்த பொட்டலங்களில் இப்போது சீனாவும் தாய்லாந்தும்கூட வந்து சேர்ந்துவிட்டன. எங்கள் வீட்டுப் பிள்ளைகளுக்கு உயிர், தாய்லாந்து நூடுல்ஸ். புளிப்பும் தித்திப்பும் காரமுமாக, மேலே வேர்க்கடலைத் தூள் தூவி வருமே, அதுதான்.

பிள்ளைகள் ஆசைப்பட்டதைச் சாப்பிடட்டும், யார் வேண்டாமென்றது? ஆனால் என் கணவருக்கு ஆறு வருஷமாக ரத்தக் கொதிப்பு. உப்பைக் குறைக்க வேண்டும் என்பது டாக்டர் உத்தரவு. மகனும் மருமகளும் பொட்டலத்தைப் பிரித்தால் வாசனை வீடு முழுக்கப் பரவும். இவரோ உப்புக் குறைந்த ரசம் சாதத்தோடு தனியே உட்காருவார். "எனக்கும் ஒரு வாய் குடுப்பா" என்று கேட்க மாட்டார். சாப்பிட்டு முடித்ததும் பேப்பரை எடுத்து முகத்துக்கு நேரே பிடித்துக்கொள்வார். பத்தியக்காரருக்கு உப்பில்லாததைவிடப் பெரிய கஷ்டம், பந்தியில் தனியாக உட்காருவதுதான்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மருமகள்தான் ஆரம்பித்தாள். "அத்தை, இதை வீட்டிலயே செஞ்சா உப்பு நம்ம கையில இருக்குமில்ல?"

"என்னென்ன போடறாங்கன்னு சொல்லும்மா, பார்க்கலாம்" என்றேன்.

அவள் வரிசையாகச் சொன்னாள். அரிசி நூடுல்ஸ், புளி, பனைவெல்லம், காய்ந்த மிளகாய், பூண்டு, சின்ன வெங்காயம், வேர்க்கடலை, முளைகட்டிய பச்சைப் பயறு. எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "ஏம்மா, இது தாய்லாந்துச் சமையலா, நம்ம கேளம்பாக்கம் மளிகைக் கடை ரசீதா?"

பெயர் வந்த கதை

இந்தப் பண்டத்துக்கு அங்கே 'பாட் தாய்' என்று பெயர். 'பாட்' என்றால் வாணலியில் போட்டு வதக்குவது. நூடுல்ஸ் அந்த நாட்டுக்குச் சீனர்களோடு வந்தது. 1938 முதல் 1944 வரை அங்கே பிரதமராக இருந்த பிபுன் சோங்க்ராம், 1939-ல் சயாம் என்ற பெயரைத் தாய்லாந்து என்று மாற்றியவர். இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் நூடுல்ஸ் சாப்பிடும்படி மக்களை அவருடைய அரசாங்கமே ஊக்குவித்தது. அந்தக் காலத்தில் பரவிய பண்டம்தான் இன்று உலகம் சுற்றுகிறது.

நமக்கும் இது அப்படியொன்றும் புதிய ருசி இல்லை. பர்மாவில் 1962-ல் ராணுவ ஆட்சி வந்து, கடைகளும் தொழில்களும் அரசுடைமையானபோது, ஆயிரக்கணக்கான தமிழ்க் குடும்பங்கள் கப்பலேறித் தாயகம் திரும்பின. அவர்களில் பலருக்குப் பிழைப்புக் கொடுத்தது 1969-ல் தொடங்கிய சென்னை பர்மா பஜார். அவர்கள் கூடவே கொண்டுவந்த பண்டம் 'அத்தோ'. நூடுல்ஸோடு முட்டைக்கோஸ், வறுத்த வெங்காயம், பூண்டு எண்ணெய், புளித் தண்ணீர், மிளகாய்த் தூள் எல்லாம் போட்டுக் கையால் பிசறித் தருவார்கள். பாரிமுனைப் பக்கம் போனவர்களுக்கு அந்த வண்டிக்கடைகள் தெரியும். புளியும் நூடுல்ஸும் சேரும் என்பதை நமக்கு அவர்கள் முன்பே காட்டிவிட்டார்கள்.

உப்பு எங்கே ஒளிந்திருக்கிறது?

பாட் தாயில் உப்புக்கு உப்பு போடுவதில்லை. 'பிஷ் சாஸ்' ஊற்றுகிறார்கள். நெத்திலி மாதிரிச் சின்ன மீன்களை உப்போடு சேர்த்து மாதக்கணக்கில் ஊறவைத்து இறக்கும் சாறு அது. ஒரு மேஜைக்கரண்டி பிஷ் சாஸில் சுமார் மூன்றரை கிராம் உப்பு இருக்கிறது. சோயா சாஸ் என்றால் சுமார் இரண்டேகால் கிராம். ஒரு ஆள் ஒரு நாளைக்கு 5 கிராமுக்குக் குறைவாகவே உப்பு சேர்க்க வேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் சிபாரிசு. அதாவது ஒரு டீஸ்பூனுக்கும் குறைவு.

கணக்குப் போட்டுப் பாருங்கள். மூன்று பேருக்கான நூடுல்ஸில் மூன்று மேஜைக்கரண்டி பிஷ் சாஸ் ஊற்றினால், தட்டுக்கு மூன்றரை கிராம் உப்பு. ஒரு நாள் அளவில் முக்கால் பங்கு அந்த ஒரே தட்டில் போய்விடும்! காலைச் சட்னி, மத்தியானக் குழம்பு, ஊறுகாய், அப்பளம் எல்லாம் தனிக் கணக்கு. கேளம்பாக்கத்து உப்பளங்களைப் பார்த்து வளர்ந்த நமக்கு உப்பு விளைகிற இடம் தெரியும். பாட்டிலுக்குள் இருக்கும் உப்புதான் கண்ணுக்குத் தெரிவதில்லை. சாஸ் வாங்கும்போது லேபிளில் 'சோடியம்' என்று போட்டிருப்பதைப் படியுங்கள். 400 மில்லிகிராம் சோடியம் என்றால் ஒரு கிராம் உப்பு.

உப்பைக் குறைத்தால் ருசி போய்விடாதா? இந்தப் பண்டத்தில் போகாது, ஏனென்றால் புளிப்பும் காரமும் வறுத்த கடலையின் மணமும் கை கொடுக்கின்றன. நாங்கள் மூன்று மேஜைக்கரண்டியை ஒன்றாக்கி, கடைசியில் எலுமிச்சம்பழத்தைத் தாராளமாகப் பிழிந்துவிடுகிறோம்.

தேவையான பொருட்கள் (3 பேருக்கு)

தட்டையான காய்ந்த அரிசி நூடுல்ஸ் – 200 கிராம்
புளி – சிறிய எலுமிச்சம்பழ அளவு
கருப்பட்டி அல்லது வெல்லம், பொடித்தது – 2 மேஜைக்கரண்டி
பிஷ் சாஸ் அல்லது சோயா சாஸ் – 1 மேஜைக்கரண்டி
காய்ந்த மிளகாய் – 5
சின்ன வெங்காயம் – 8
பூண்டு – 5 பல்
இறால் – 150 கிராம் (சைவத்துக்குப் பன்னீர் 100 கிராம்)
முட்டை – 2 (விரும்பினால்)
முளைகட்டிய பச்சைப் பயறு – 1 கப்
வெங்காயத்தாள் – 1 பிடி
வறுத்த வேர்க்கடலை – கால் கப்
கடலை எண்ணெய் – 3 மேஜைக்கரண்டி
எலுமிச்சம்பழம் – 1

செய்முறை

நூடுல்ஸைக் கொதிக்கிற தண்ணீரில் போட்டு வேகவைக்காதீர்கள். சாதாரணத் தண்ணீரில் முப்பது முதல் நாற்பது நிமிஷம் ஊறட்டும். விரலில் சுற்றினால் உடையாமல் வளைய வேண்டும், ஆனால் கடித்தால் நடுவில் கொஞ்சம் விறைப்பு இருக்க வேண்டும். அதுதான் பக்குவம். மீதி வேக்காடு வாணலியில் நடக்கும். முன்பே முழுக்க வெந்துவிட்டால் கிளறும்போது கூழாகிவிடும்.

புளியை அரை கப் வெந்நீரில் ஊறவைத்துக் கெட்டியாகக் கரைத்து வடிகட்டுங்கள். அதில் கருப்பட்டியையும் சாஸையும் சேர்த்துச் சின்னத் தீயில் கரைய விடுங்கள். கருப்பட்டியில் மண் இருந்தால் தனியே கரைத்து வடிகட்டிக்கொள்ளவும். ஒரு சொட்டு நாக்கில் வைத்தால் முதலில் புளிப்பு, பின்னால் தித்திப்பு, கடைசியில் லேசாக உப்புத் தெரிய வேண்டும்.

மிளகாயை வெறும் வாணலியில் கருகாமல் வறுத்து, ஒன்றிரண்டாகப் பொடிக்கவும். நெடி ஏறும், ஜன்னலைத் திறந்து வையுங்கள். பாதித் தூளைச் சமையலுக்கு எடுத்துக்கொண்டு மீதியைச் சின்னக் கிண்ணத்தில் வைக்கவும். வேர்க்கடலையையும் கரகரப்பாகப் பொடித்து வைக்கவும்.

இனி அடுப்பு. ஹோட்டல் அடுப்பின் தீ நம் வீட்டு கேஸ் அடுப்புக்குக் கிடையாது. மொத்தத்தையும் ஒரே தடவையில் கொட்டினால் வாணலி சூடு இறங்கி, தண்ணீர் விட்டு, வதங்குவதற்குப் பதிலாக அவிந்துபோகும். அதனால் எல்லாவற்றையும் இரண்டு பாகமாக்கி, இரண்டு தடவையாகச் செய்யுங்கள். இரும்பு வாணலி நன்றாகக் காயட்டும். எண்ணெய் விட்டு, இறாலை இரண்டு நிமிஷம் வதக்கித் தனியே எடுத்து வையுங்கள். அதே எண்ணெயில் நறுக்கிய வெங்காயமும் பூண்டும் வதக்கி, ஊறிய நூடுல்ஸை வடித்துப் போடுங்கள். மேலே புளிக் கரைசலும் மிளகாய்த் தூளும். இடைவிடாமல் புரட்டிக்கொண்டே இருந்தால் இரண்டு, மூன்று நிமிஷத்தில் கரைசலை உறிஞ்சிக்கொள்ளும். இன்னும் விறைப்பாக இருந்தால் ஒரு கை தண்ணீர் தெளிக்கலாம்.

நூடுல்ஸை ஓரமாகத் தள்ளி, காலி இடத்தில் முட்டையை உடைத்து ஊற்றிக் கிளறி ஒன்றுசேருங்கள். பயறு, இறால் போட்டு, பயறு நன்றாகச் சூடேறும் வரை புரட்டி, வெங்காயத்தாள் தூவி இறக்குங்கள். மேலே வேர்க்கடலைத் தூள், எலுமிச்சம்பழச் சாறு. இரும்பு வாணலியிலேயே விட்டுவைக்காமல் உடனே தட்டுக்கு மாற்றிவிடுங்கள். புளிப்பு இரும்பில் நின்றால் கறுத்து, ருசியும் கெடும்.

இறாலுக்கு எங்களுக்குக் கோவளம் பக்கத்தில் இருப்பது சௌகரியம். காலையில் போனால் புதுசாகக் கிடைக்கும்.

இன்னும் காரம் வேண்டுமா?

காரப்பிரியர்களுக்கு 'பாட் கீ மாவ்' என்று இன்னொரு வகை உண்டு. 'கீ மாவ்' என்றால் குடிகாரன்! பெயரில்தான் குடி, பண்டத்தில் ஒரு சொட்டும் தேவையில்லை. இதற்குப் புளியும் கடலையும் வேண்டாம். பூண்டையும் ஆறேழு பச்சை மிளகாயையும் நசுக்கி வதக்கி, அகலமான அரிசி நூடுல்ஸ், கொஞ்சம் சோயா சாஸ், ஒரு சிட்டிகை சர்க்கரை போட்டுப் புரட்டி, கடைசியில் ஒரு பிடி வாசனை இலை சேர்த்து இறக்க வேண்டும்.

அந்த இலைக்காகக் கடை கடையாக அலைய வேண்டாம். தாய்லாந்துக்காரர்கள் சமையலில் போடும் 'கப்ராவ்' நம் துளசிதான். 'ஹோரபா' என்ற இன்னொரு இலை, நம் திருநீற்றுப்பச்சிலையின் இனம். மாடத்தில் வைத்துக் கும்பிடும் துளசியை வாணலியில் போட நம்மில் பலருக்கு மனசு வராது. அவர்கள் திருநீற்றுப்பச்சிலையைப் போடலாம். நாட்டு மருந்துக் கடையில் சப்ஜா விதை என்று கேளுங்கள். அது இந்தச் செடியின் விதைதான். வெயில் படும் பால்கனியில் ஒரு தொட்டியில் தூவினால் ஒன்றரை, இரண்டு மாதத்தில் கிள்ளிப் போட இலை தயார்.

கவனிக்க வேண்டியவை

உப்புக்குப் பதிலாகப் பொட்டாசியம் கலந்த 'லோ சோடியம்' உப்பு கடைகளில் விற்கிறது. சிறுநீரகக் கோளாறு உள்ளவர்களுக்கு அது ஆபத்தாகலாம். சில ரத்தக் கொதிப்பு மாத்திரைகளோடும் ஒத்துப்போகாது. டாக்டரைக் கேட்காமல் மாற்றாதீர்கள். நீரிழிவு உள்ளவர்களுக்குக் கருப்பட்டியும் சர்க்கரைக் கணக்குத்தான். அளவைப் பாதியாக்கி, நூடுல்ஸைக் குறைத்துப் பயறைக் கூட்டிக்கொள்ளுங்கள்.

கர்ப்பிணிகளுக்கும் சின்னக் குழந்தைகளுக்கும் முளைகட்டிய பயறைப் பச்சையாகக் கொடுக்க வேண்டாம். நன்றாக வெந்த பிறகே கொடுங்கள். விருந்தாளிகளுக்குப் பரிமாறுமுன், வேர்க்கடலையோ இறாலோ ஒவ்வாதவர்கள் யாராவது உண்டா என்று கேட்டுவிடுங்கள். சைவக்காரர்கள் வெளியில் சாப்பிடும்போது காய்கறி நூடுல்ஸ் என்றாலும் பிஷ் சாஸ் உண்டா என்று விசாரிப்பது நல்லது.

தாய்லாந்துக்காரர்களிடம் கற்ற ஒரு வழக்கம்

அங்கே நூடுல்ஸ் கடைகளில் மேஜை மேலேயே நாலு சின்னக் கிண்ணங்கள் இருக்கும். சர்க்கரை, பிஷ் சாஸ், வறுத்த மிளகாய்த் தூள், மிளகாய் ஊறிய வினிகர். சமைக்கிறவர் பொதுவாகச் செய்து தருவார். புளிப்பு, தித்திப்பு, காரம், உப்பு எல்லாவற்றையும் சாப்பிடுகிறவரே தன் தட்டில் கூட்டிக்கொள்வார்.

எனக்கு ரொம்பப் பிடித்துப்போன யோசனை இது. பத்தியக்காரர் உள்ள வீட்டில் நாம் வழக்கமாக என்ன செய்கிறோம்? எல்லோருக்கும் ஒரு சமையல், அவருக்கு மட்டும் தனியாக ஒன்று. அதைத் திருப்பிப் போட்டால் என்ன? பத்தியக்காரர் அளவுக்கு உப்புப் போட்டு ஒரே வாணலியில் சமைப்போம். வேண்டியவர்கள் கிண்ணத்திலிருந்து எடுத்துக்கொள்ளட்டும். சாம்பாருக்கும் கூட்டுக்கும்கூட இது செல்லும்.

இப்போது எங்கள் வீட்டில் ஞாயிற்றுக்கிழமை ராத்திரி நாலு பேரும் ஒன்றாகத்தான் உட்காருகிறோம். மூன்று பேர் அளவைச் சற்றுக் கூட்டினால் போதும். மகன் மிளகாய்க் கிண்ணத்தைக் காலி செய்வான். மருமகள் இன்னொரு மூடி எலுமிச்சம்பழம் பிழிந்துகொள்வாள். போன வாரம் இவர், "ஏம்மா, அடுத்த தடவை பயறு கொஞ்சம் ஜாஸ்தியா போடேன்" என்றார். ஆறு வருஷத்தில் சாப்பாட்டில் இது வேண்டும் என்று அவர் வாய்விட்டுக் கேட்டது அதுதான் முதல் தடவை. இந்த வாரத்துக்கு இரண்டு கப் பயறு ஊறப் போட்டுவிட்டேன்.