பழைய பெட்டியில் புதிய விளையாட்டு

வாடகை கட்டி மிஞ்சும் காசில், பிள்ளைகள் கேட்கும் ‘பிளேஸ்ரேஷன் 5’ஐ உடனே வாங்க எம்மில் பலரால் முடிவதில்லை. 2013இல் வந்த ‘பிளேஸ்ரேஷன் 4’இலும் புதிய விளையாட்டுகள் சில ஓடும். 2024இல் வெளிவந்த ‘ஈ.ஏ. எப்.சி. 25’ உதைபந்தாட்டம் இரண்டுக்கும் வந்தது. 2023இன் ‘ஸ்பைடர்மேன் 2’ நான்குக்கு வரவேயில்லை. ஆகவே, வாங்குமுன் உறையைப் பாருங்கள். ‘பிஎஸ்4’ என்றிருக்க வேண்டும். ஐந்தின் இறுவட்டு நான்கில் ஓடாது. நான்கின் இறுவட்டோ, இறுவட்டுப் போடும் வசதியுள்ள ஐந்தில் பெரும்பாலும் ஓடும். பின்னர் ஐந்து வாங்கினாலும் வீணாகாது.

இன்னொன்று: எப்.சி. 25ஐ நான்கில் விளையாடும் பிள்ளை, ஐந்தின் பதிப்பை விளையாடும் தோழனுடன் இணையத்தில் சேர முடியாது. தோழனும் நான்கின் பதிப்பைப் போட்டால் சேரலாம். பிள்ளைக்கு வேண்டியது அந்தத் தோழமைதானே! தோழர்களிடம் இருப்பது எதுவென்று விசாரித்தபின் வாங்குவோம்.