பறை அடிக்கும் ஹிப் ஹாப்

ஹிப் ஹாப் என்றதும் லேப்டாப்போடு ஒரு டிஜேயும் மைக் பிடித்த ஒருவரும்தான் நம் நினைவுக்கு வருவார்கள். டிரம்ஸ், பேஸ் கிடார், பறை, சட்டி என்று எல்லாவற்றையும் மனிதர்களே மேடையில் வாசிக்கும் ஹிப் ஹாப்பும் உண்டு. அதைக் கேட்க பெங்களூர் ஜீவனஹள்ளிக்காரர்கள் நியூயார்க் போகவேண்டியதில்லை, ஒரு ராத்திரி ரயில் தூரத்தில் சென்னையே இருக்கிறது.

1973இல் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் டிஜே கூல் ஹெர்க் ஒரு வேலை செய்தார். பாட்டில் மற்ற வாத்தியங்கள் ஓய்ந்து டிரம்ஸ் மட்டும் ஒலிக்கும் சில நொடிகளில்தான் கூட்டம் துள்ளுகிறது என்று கவனித்தார். ஒரே இசைத்தட்டின் இரண்டு பிரதிகளை மாற்றி மாற்றி ஓடவிட்டு அந்த நொடிகளை நீட்டினார். பின்னாளில் அதே வேலையைச் சாம்ப்ளர் கருவிகள் எடுத்துக்கொண்டன. ஜேம்ஸ் பிரவுனின் ‘ஃபங்கி டிரம்மர்’ பாட்டில் கிளைட் ஸ்டபில்ஃபீல்டு வாசித்த சில நொடிகள் எத்தனையோ ராப் பாட்டுகளுக்கு அடித்தளமாயின. ஆனால் அந்தப் பாட்டின் உரிமையில் அவருக்குப் பங்கில்லை, ராயல்டியும் வரவில்லை. எனக்கு இது பெரிய அநியாயமாகவே படுகிறது.

பிலடெல்பியாவில் 1987இல் தொடங்கிய ‘தி ரூட்ஸ்’ குழு டிரம்மரை மறுபடி மேடைக்குக் கொண்டுவந்தது. அதன் டிரம்மர் குவெஸ்ட்லவ் செய்வது பார்ப்பதற்கு எளிது, செய்வதற்குக் கடினம். இரண்டு தாளவட்டங்களை எந்த அலங்காரமும் இல்லாமல், இயந்திரம்போலத் திரும்பத் திரும்ப வாசிக்கவேண்டும். அதே சமயம் பாடுபவர் எங்கே மூச்சு வாங்குகிறார், எந்தச் சொல்லை அழுத்துகிறார் என்று காது கொடுத்தபடியே இருக்கவேண்டும். சட்டென்று எல்லோரும் நிறுத்த, குரல் மட்டும் தனியே ஓடி, சரியான அடியில் மொத்தக் குழுவும் மறுபடி வந்து விழும். ஓடவிட்ட லூப் பாடுபவருக்காகக் காத்திருக்காது. மனிதர் காத்திருப்பார்.

இனி சென்னைக்கு வருவோம். 2018 ஜனவரி 6 அன்று கீழ்ப்பாக்கத்தில் ‘தி காஸ்ட்லெஸ் கலெக்டிவ்’ முதன்முறையாக மேடையேறியது. இயக்குநர் பா. ரஞ்சித்தின் நீலம் பண்பாட்டு மையமும் இசையமைப்பாளர் டென்மாவும் சேர்ந்து உருவாக்கிய குழு அது. சாதியற்ற தமிழர் என்ற அயோத்திதாசப் பண்டிதரின் சிந்தனையிலிருந்து பெயர் வந்தது. அறிவு ராப் பாட, இசைவாணி கானா பாட, கிடாருக்கும் டிரம்ஸுக்கும் பக்கத்திலேயே பறை, சட்டி, கட்டமோளம் ஆகிய தாளவாத்தியங்களும் நின்றன.

பறையைக் கொஞ்சம் கிட்டப் போய்ப் பார்க்கலாம். மரவளையத்தில் தோலை இழுத்து ஒட்டிய வாத்தியம் அது. ஈரக்காற்று பட்டால் தோல் தொய்ந்து ஒலி மங்கும். அதனால் அடிப்பதற்கு முன் தீயில் காய்ச்சி முறுக்கேற்றுவார்கள். ஒரு கையில் தடித்த, குட்டையான அடிக்குச்சி. மறுகையில் மெல்லிய, நீளமான மூங்கில் சிண்டுக்குச்சி. அடிக்குச்சி தாளத்தைத் தாங்க, சிண்டு இடைவெளிகளில் பொரிந்து தள்ளும். டிரம்ஸில் கிக், ஸ்நேர் என்ற இரண்டு டிரம்கள் பிரித்துச் செய்யும் வேலையை இங்கே ஒரே தோல் செய்கிறது. ஆனால் பறையும் ஸ்நேரும் ஒரே அடியில் ஓயாமல் வெடித்தால் ராப்பின் சொல் மூழ்கிப்போகும். ஒன்று பேசும்போது மற்றொன்று ஒதுங்கவேண்டும். இசையமைப்பவரின் பாதி வேலை இதுதான்.

சாவுக்கு அடிப்பது என்று ஒதுக்கப்பட்ட வாத்தியம் பறை. கானாவும் சாவு வீட்டில் ராத்திரி முழுக்கப் பாடப்பட்டு வளர்ந்ததுதான். அவை காஸ்ட்லெஸ் கலெக்டிவில் பக்கவாத்தியமாக வரவில்லை, பாட்டே அவற்றின் மேல்தான் நிற்கிறது. பெங்களூரில் கன்னடக்காரர்கள் தமட்டெ என்று அழைப்பதும் இதே குடும்பத்து வாத்தியம்தான். ஜீவனஹள்ளிப் பக்கம் தமட்டெ ஊர்வலம் வந்தால் சிண்டுக்குச்சியின் ஓட்டத்தைக் கவனித்துக் கேளுங்கள்: அதன்மேல் ஒரு ராப் அப்படியே உட்காரும்.