கடைசிவரை ஜோடி சேராத கதாநாயகி!
"கொடுமுடி கோகிலம்" சுந்தராம்பாளின் கண்ணீர்க் கதை

கருமத்தம்பட்டி, சோமனூர் வட்டாரத்தில் விசைத்தறிச் சத்தத்தையும் மீறிக்கொண்டு ஒரு குரல் கேட்கும். கோவில் ஒலிபெருக்கியில் முருகன் பாட்டு! "நம்ம கொடுமுடி அம்மாவுங்கோ" என்பார்கள் பெரியவர்கள்.

அவர்தான் கே.பி.சுந்தராம்பாள். 1908-ல் கொடுமுடியில் பிறந்தவர். வீட்டில் வறுமை. சிறுமியாக இருந்தபோது ரயிலில் பாடிக் காசு சேர்த்தார் என்பது ஊரறிந்த கதை. அந்தக் குரல்தான் அவரை நாடக மேடையில் ஏற்றியது.

வெள்ளைப் புடவை

மேடையில் கணீரென்று பாடிக் கொடிகட்டிப் பறந்த எஸ்.ஜி.கிட்டப்பாவும் இவரும் இலங்கையில் சேர்ந்து நடித்தனர். காதல் மலர்ந்தது. மணம் முடித்தனர். பிறகு மனஸ்தாபம், பிரிந்தனர்.

1933 டிசம்பரில் கிட்டப்பா இறந்தார். அப்போது சுந்தராம்பாளுக்கு வயது 25.

பிரிந்திருந்தவர்தானே என்று அவர் நினைக்கவில்லை. வெள்ளைப் புடவை உடுத்தினார். இனி எந்த ஆணுடனும் ஜோடியாக நடிப்பதில்லை என்று சபதம் செய்தார்.

ஒரு லட்சம்!

சினிமாவுக்கு அழைப்பு வந்தது. தட்டிக்கழிக்க நினைத்து, "ஒரு லட்சம் ரூபாய் வேண்டும்" என்றாராம். தயாரிப்பாளர் சம்மதித்துவிட்டார்!

ஒரு பவுன் முப்பது ரூபாயைத் தாண்டாத காலம் அது. அந்தப் பணத்துக்கு 3 ஆயிரம் பவுனுக்கு மேல் வாங்கலாம்.

1935-ல் வந்த அந்தப் படம் "பக்த நந்தனார்". அதில் ஆண் வேடம், நந்தனாரே அவர்தான். சபதத்துக்குப் பங்கமில்லை!

அடுத்து 1940-ல் "மணிமேகலை". துறவி வேடம். 1953-ல் ஜெமினியின் "ஔவையார்". கிழவி வேடம். 1964-ல் "பூம்புகார்" கவுந்தியடிகள். மறுபடியும் துறவி. 1965-ல் "திருவிளையாடல்". திரும்பவும் ஔவை!

காதல் காட்சி இல்லை, டூயட் இல்லை. பாட்டை நம்பியே ஜனங்கள் தியேட்டரை நிறைத்தார்கள்.

தேடி வந்த பெருமை

சட்ட மேலவை உறுப்பினர் பதவி கிடைத்தது. 1969-ல் "துணைவன்" படப் பாட்டுக்காகத் தேசிய விருது. 1970-ல் பத்மஸ்ரீ. சொந்த ஊரான கொடுமுடியில் ஒரு சினிமா தியேட்டரும் கட்டினார்.

1980-ல் காலமானார். 25 வயதில் உடுத்திய வெள்ளைப் புடவையை 47 வருஷம் அவர் மாற்றவே இல்லை!