காப்புக் கண்ணாடி கழன்றால்

கைபேசித் திரையின்மீது ஒட்டிய காப்புக் கண்ணாடி ஓரத்தில் எழும்பினால், பசை கெட்டுவிட்டதென எண்ணி அதனை எறிந்துவிடுவோர் பலர். பெரும்பாலும் குற்றம் தூசினுடையதே.

கண்ணாடியின் அடியிலுள்ள சிலிக்கோன் பசை, திரையோடு இடைவெளியின்றி நெருங்கினால்தான் பற்றும். ஒரு தூசு புகுந்தாலும் அதனைச் சுற்றிக் காற்றுக் குமிழ் தங்கும். விரலின் எண்ணெய் படிந்தாலும் பிடிப்புத் தளரும்.

கைபேசியை அணைத்து, எழும்பிய ஓரத்தை மெல்ல உயர்த்த வேண்டும். ஒட்டுநாடாவினால் தூசினை ஒற்றி எடுத்து, திரையை ஐசோபுரோப்பைல் ஆல்கஹால் சிறிதே தோய்ந்த துணியால் துடைத்தல் வேண்டும். நன்கு உலர்ந்தபின், ஒட்டியுள்ள பகுதியிலிருந்து ஓரம் நோக்கி அழுத்தினால் காற்று வெளியேறும்.

விரைந்து இறுகும் பசையை இடுதல் கூடாது. அதன் ஆவி வெண்படலமாகப் படியும். திரையின் விளிம்பு வளைந்திருப்பின், தட்டையான கண்ணாடி அங்கு நிலைத்து ஒட்டாது. விரிசலுற்றதோ விரலைக் கிழிக்கும். இவ்விரண்டையும் மாற்றிவிடுவதே நலம்.