கூத்துக்கு ஓர் இரவு வேண்டும்

புலம்பெயர்ந்த தமிழரின் அடையாளத்தை மேடையில் தேடும் கலைஞர் என்றதும் லண்டன், டொராண்டோ அரங்குகள்தான் நினைவுக்கு வருகின்றன. இலங்கை மலையகத்தில் ரதி வேடம் கட்டும் தோட்டத் தொழிலாளியை அந்த வரிசையில் யாரும் சேர்ப்பதில்லை. எனக்கு அவர்தான் முதல் ஆள்.

மாசியில் அங்கே காமன் கூத்து. கம்பம் நட்டதும் தப்பைத் தீயில் காய்ச்சி முறுக்கேற்றுவார்கள். ஆண்தான் சேலை கட்டி ரதியாவார். மன்மதனும் ரதியும் லயம் எனப்படும் வரிசை வீடுகள்தோறும் ஆடி வருவார்கள். கடைசி இரவில் சிவன் நெற்றிக்கண் திறக்க, மன்மதன் எரிவான். ரதி ஒப்பாரி வைப்பாள்.

காப்பித் தோட்ட வேலைக்காக 1820-களிலிருந்து மன்னார்க் காட்டு வழியே நடந்தவர்கள் தங்களோடு கொண்டுபோன கூத்து இது. வழியிலேயே மாண்டவர்கள் ஏராளம். 1948-ல் அவர்களுடைய சந்ததிக்குக் குடியுரிமை பறிபோனது. 1964 இந்திய-இலங்கை ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கும் 3,00,000 பேரை இலங்கைக்கும் பங்கு பிரித்தது. 1,50,000 பேரை 1974 வரை தொங்கலில் விட்டது. திரும்பி வந்தவர்கள் இங்கே 'சிலோன்காரர்', தங்கியவர்கள் அங்கே 'தோட்டக்காட்டான்'. இரண்டு பக்கமும் ஒட்டாதவர்களுக்கு, 'இது என் ஊர்' என்று சொல்லிக்கொள்ளக் கூத்து ஒன்றுதான் இருந்தது. 2023-ல் அந்த வருகையின் 200 ஆண்டு நினைவாகத் தலைமன்னாரிலிருந்து மாத்தளை வரை நடந்தார்களே, அதையும் நான் கூத்து என்றே சொல்வேன். முன்னோர் பட்ட பாட்டைக் காலால் நடித்துக் காட்டினார்கள்.

விடிந்தால் பெரட்டுக்கு, அதாவது வேலைக்கு ஆள் கணக்கெடுக்கும் வரிசைக்கு, நிற்க வேண்டிய ஜனம் அது. ஆனாலும் கூத்துக்கான இரவை விட்டுக்கொடுக்கவில்லை. தொழிற்சாலைகள் நிறைந்த ஒரகடம் பக்கம் வடக்குப்பட்டில் நின்று பார்க்கும்போது இதுதான் என்னை உறுத்துகிறது.

2022-ல் தொல்லியல் துறை இங்கே தோண்டியபோது கற்கருவிகளும் பொன்னணிகளும் ரோமானியச் சாடி ஓடுகளும் கிடைத்தன. அந்நியச் சரக்கு அன்றே வந்து சேர்ந்த மண். இன்று ஒடிசா, பீகார் பையன்கள் வாடகை அறைகளில் நெருக்கியடித்துத் தங்கியிருக்கிறார்கள். அவர்களும் புலம்பெயர்ந்தவர்கள்தான். காஞ்சிபுரம் வட்டாரத்துத் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்து விடிய விடிய நடக்கும். காலையில் படுகளம், மண்ணால் செய்த துரியோதனன் தொடையைப் பீமன் பிளப்பான். அதற்கு ஊரே கண்விழிக்க வேண்டும். கண்விழிக்க வேண்டிய இளைஞன் இரவு ஷிஃப்டில் இருக்கிறான், அல்லது காலை கம்பெனி பஸ்ஸைப் பிடிக்கப் படுத்துவிட்டான். லீவு போட்டால் சம்பளம் பிடிப்பு. காண்ட்ராக்ட் ஆளுக்கு வேலையே போய்விடுமோ என்ற பயம்.

ஒன்றரை மணி நேரமாகச் சுருக்கி மேடையேற்றினால் கூத்து பிழைக்கும் என்பவர்களும் இருக்கிறார்கள். இருக்கட்டும். ஆனால் அரங்கில் கைதட்டுகிறவன் பார்வையாளன். விடியும்வரை படுகளத்துக்குக் காத்திருப்பவன்தான் ஊர்க்காரன். அந்தக் காத்திருப்பு போய்விட்டால், பிறந்த ஊரிலேயே நம் பிள்ளைகள் அந்நியராகிவிடுவார்கள்.

திருவிழா நாட்களில் ஷிஃப்ட் மாற்றிக்கொள்ளும் உரிமையைத் தொழிலாளர் பேச்சுவார்த்தைகளில் கேட்டு வாங்க வேண்டும். கோயில் திடலில் ஓர் இரவை ஒடியா, போஜ்புரி பேசும் பிள்ளைகளின் ஆட்டத்துக்கும் ஒதுக்க வேண்டும். விழாக்குழுக்கள் அடுத்த பங்குனிக்கு முன்பே பேச்சைத் தொடங்கட்டும்.