வால் வெச்ச வட்டம்: 'கியூ' எழுத்தின் கதை



ஆங்கிலத்தில் 26 எழுத்துகள். அதுல ரொம்பக் கம்மியா வேலை செய்யற எழுத்துகளில் ஒண்ணு கியூ. டிக்‌ஷ்னரியில் அதுக்குச் சில பக்கங்கள்தான். ஆனா நம்ம பக்கத்தில் அதுக்கு வேலை நிறைய. ஆவடியில் ஹெச்.வி.எஃப். குவார்ட்டர்ஸ். ரேஷன் கடையில் கியூ. மாங்காடு பக்கத்தில் சிக்கராயபுரம் கல்குவாரி. 2017-ல் தண்ணிப் பஞ்சம் வந்தப்போ அந்தக் குவாரித் தண்ணியைச் சுத்தம் பண்ணி சென்னைக்குக் கொடுத்தாங்க. இந்த மூணு வார்த்தையையும் ஆங்கிலத்தில் எழுதினா முதலில் வருவது கியூதான்.

பிறந்த கதை

ஏறக்குறைய 3000 வருஷத்துக்கு முன்னாடி, இப்போ லெபனான் இருக்கிற கடற்கரையில் ஃபினீஷியர்கள் என்ற வணிகர்கள் வாழ்ந்தாங்க. அவங்க எழுத்துகளில் ஒண்ணு 'கோஃப்'. நீங்க 'க' சொல்லிப் பாருங்க. நாக்கின் பின்பக்கம் மேலண்ணத்தைத் தொடும். இன்னும் உள்ளே போய், உள்நாக்கு கிட்ட தொட்டுச் சொன்னா அதுதான் 'கோஃப்' சத்தம்.

இந்த எழுத்து ரெண்டு பக்கமா பிரிஞ்சு போச்சு. கிரேக்கர்கள் வாங்கி 'கொப்பா'ன்னு பேர் வெச்சாங்க. அந்தச் சத்தம் அவங்களுக்குத் தேவைப்படலை. அதனால வார்த்தைகளில் விட்டுட்டு, 90 என்ற எண்ணுக்கு மட்டும் வெச்சுக்கிட்டாங்க. ரோமானியர்கள் அதை எடுத்து, பக்கத்திலேயே யு-வை நிற்க வெச்சாங்க. ஆங்கிலேயர்கள் முன்னாடி 'குயின்' என்ற சொல்லை சி, டபிள்யூ போட்டுத்தான் எழுதினாங்க. 1066-ல் நார்மானியர்கள் இங்கிலாந்தைப் பிடித்த பிறகு கியூ, யு ஜோடி உள்ளே வந்தது.

இன்னொரு கிளை அரபு மொழிக்குப் போச்சு. அங்கே அந்தப் பழைய தொண்டைச் சத்தம் இன்னும் உயிரோட இருக்கு. அரபியில் சாதாரண 'க' வேற எழுத்து, தொண்டை 'க' வேற எழுத்து. தமிழில் எழுதினா ரெண்டின் பேரும் 'காஃப்'தான்! தொண்டையில் இருந்து 'கல்ப்' என்று சொன்னா இதயம். சாதாரணமா 'கல்ப்' என்று சொன்னா நாய். எழுத்து மாறினா பொருள் எங்கே போகுது பாருங்க.

ஊர்ப் பேர்கள்

கத்தார், ஈராக் ரெண்டிலும் இருப்பது இந்தத் தொண்டை 'க'. ஆங்கிலத்தில் அதைக் காட்டத்தான் கியூ போடறாங்க. அதனாலதான் இந்த ரெண்டிலும் பின்னாடி யு வராது. டெல்லியில் குதுப்மினாரிலும் இருப்பது இதே தொண்டை 'க'தான்.

நம்ம எழும்பூரில் இருந்து ரயில் போகிற கொல்லம், வெள்ளைக்காரர் எழுத்தில் கியூ-வில் ஆரம்பித்து 'குயிலான்' ஆச்சு. நம்ம ஆட்கள் வாயில் அது எப்பவும் கொல்லம்தான்.

சீனாவில் 1958-ல் தங்கள் மொழியை ஆங்கில எழுத்தில் எழுத ஒரு முறை கொண்டு வந்தாங்க. அதில் கியூவுக்கு 'ச்சி' மாதிரி சத்தம். சோங்சிங் நகரத்தின் பேரில் நடுவில் வரும் 'சி' கியூதான்.

தென் ஆப்பிரிக்காவில் நெல்சன் மண்டேலா வளர்ந்த கிராமம் குனு. அவருடைய கோசா மொழியில் கியூ என்றால், குதிரை ஓடற மாதிரி நாக்கை அண்ணத்தில் ஒட்டி 'டக்'னு எடுக்கிற சத்தம். நாம விளையாட்டுக்குச் செய்வது அங்கே ஒரு எழுத்து!

நம்ம தமிழில் கியூ உண்டா?

எழுத்தா இல்லை. ஆனா ஒளிஞ்சிருக்கு. தாலுகா, பாக்கி, நகல், இலாகா இதெல்லாம் நவாப் காலத்து ஆட்சியில் அரபி, பாரசீக வழியா வந்த சொற்கள். நாலிலும் இருப்பது அந்தத் தொண்டை 'க'தான். தமிழ் எல்லாத்தையும் நம்ம 'க'விலேயே உட்கார வெச்சிடுச்சு. நம்ம 'க'வும் லேசுப்பட்டது இல்லை. கடல், தங்கம், அகலம் மூணிலும் ஒரே எழுத்து, சத்தம் மட்டும் மூணு.

பேரில் வரும்போது

காசிம், காதர், சாதிக், ரஃபீக் இந்தப் பேர்களிலும் அதே எழுத்து. தமிழில் எழுதினா ஒரு பிரச்சினையும் இல்லை. ஆங்கிலத்தில் கியூ-வா, கே-வா என்பதில்தான் வம்பு.

எங்க வகுப்புத் தோழி ஒருத்தியின் பேர் 'கமர்' என்று ஆரம்பிக்கும். கமர் என்றால் நிலா. பிறப்புச் சான்றிதழில் கியூ, ஆதாரில் கே. ஒரு ஆபீஸில் "ரெண்டும் வேற வேற ஆள்"னு சொல்லி உதவித்தொகை மனுவைத் திருப்பிட்டாங்க. அவ அத்தா ரெண்டு நாள் கூலியை விட்டுட்டு அலைஞ்சார். "கே-ன்னே வெச்சுக்க, சீக்கிரம் முடியும்"னு பலர் சொன்னாங்க. அவ ஒத்துக்கலை. "அத்தா கியூ போட்டுத்தான்டி எனக்குப் பேர் வெச்சாரு"ன்னு சொல்லிட்டா. இப்போ ஆதாரைத் திருத்த மனு கொடுத்திருக்காங்க.

இதே மாதிரி துருக்கியிலும் நடந்திருக்கு, ஆனா ஒரு ஜனத்துக்கே. 1928-ல் துருக்கி அரசு அரபு எழுத்தை விட்டு 29 லத்தீன் எழுத்துக்கு மாறியது. அதில் கியூ, டபிள்யூ, எக்ஸ் மூணும் இல்லை. அங்கே வாழும் குர்து மக்களின் மொழிக்கு மூணுமே வேணும். பிள்ளைக்குக் கியூ வருகிற பேரை வெச்சா அரசுப் பதிவில் எழுத முடியாது. 2013-ல்தான் தடையை நீக்குவதா அரசு அறிவித்தது. ஒரு எழுத்துக்காக 85 வருஷம் காத்திருந்திருக்காங்க.

நாம செய்ய வேண்டியது

அடுத்த வருஷம் எங்க பேர்ப் பட்டியல் பத்தாம் வகுப்புப் பொதுத்தேர்வுக்குப் போகும். மார்க் ஷீட்டில் அச்சான பேரைப் பிறகு மாற்றுவது ரொம்பக் கஷ்டம். ஆதாரிலும் பேரை வாழ்நாளில் ரெண்டு தடவைதான் திருத்தலாம்.

அதனால இன்னிக்கு வீட்டுக்குப் போனதும் பிறப்புச் சான்றிதழ், ஆதார், பேங்க் பாஸ்புக் மூணையும் பக்கத்தில் வெச்சு, ஆங்கிலப் பேரை எழுத்து எழுத்தாப் பாருங்க. கியூ மட்டும் இல்லை. தமிழ்ச்செல்வி, எழிலரசி பேரில் 'ழ'வுக்கு என்ன போட்டிருக்கு? லட்சுமியில் எக்ஸ் இருக்கா, இல்லையா? வித்தியாசம் இருந்தா இந்த வருஷமே வகுப்பு ஆசிரியரிடம் சொல்லுங்க.



ஒன்பதாம் வகுப்பு மாணவி